தடுப்பணை நிற்கிறது, பணம் வரவில்லை: ரிட் போடுவதா, சிவில் வழக்கா?

தென்பெண்ணை_42

அரூர் பக்கம் ஓர் ஓடையின் குறுக்கே தடுப்பணை கட்டிக் கொடுத்த சிறு ஒப்பந்ததாரன் நான். எந்தத் துறை, எந்தக் கோட்டம் என்று எழுதப்போவதில்லை. இங்கே பலருக்கும் அந்த அலுவலகங்களோடு நாளையும் வேலை இருக்கிறது, எனக்கும்தான்.

2022 பிப்ரவரியில் ஒப்பந்தம் கையெழுத்தானது. மதிப்பு 42 லட்சம். 2023 மார்ச்சில் வேலை முடிந்தது. பகுதிப் பட்டியல்களுக்கு (வேலை நடக்கும்போதே போடும் பில்கள்) ஓரளவு ஒழுங்காகவே பணம் வந்தது. இறுதிப் பட்டியலில் 9 லட்சத்து 60 ஆயிரம் நிற்கிறது. முடிந்த வேலையின் அளவுகளைத் துறை எழுதிவைக்கும் அளவுப் புத்தகத்தில் பதிவாகி, உதவி செயற்பொறியாளரும் சரிபார்த்துக் கையெழுத்திட்டுவிட்டார். இந்தத் தொகையில் யாருக்கும் தகராறு இல்லை. கேட்டால் வரும் பதில் ஒன்றுதான்: "நிதி வரவில்லை."

இன்னொரு 4 லட்சத்து 20 ஆயிரம் இருக்கிறது. மதிப்பீட்டில் அடித்தளத்துக்குக் கடின மண் என்று போட்டிருந்தார்கள். தோண்டினால் முழுக்கப் பாறை. நம் மாவட்டத்தில் இது புதிதா என்ன! "உடைத்து இறக்குங்கள், திருத்திய மதிப்பீடு போட்டுக்கொள்ளலாம்" என்று பொறியாளர் நேரில் நின்று சொன்னார். கம்ப்ரசர் வாடகை, வெடி வைப்பவர் கூலி எல்லாம் என் கைக்காசு. திருத்திய மதிப்பீடு வரவில்லை, துணை ஒப்பந்தம் போடவில்லை, சொன்னவர் வேறு மாவட்டத்துக்கு மாறுதலாகிப் போய்விட்டார்.

உயர் நீதிமன்றத்தில் ரிட் (அரசுக்கு நேரடியாக ஆணையிடக் கேட்கும் மனு) போட்டால் சில வாரங்களில் உத்தரவு வாங்கிவிடலாம் என்கிறார்கள் சிலர். பண விவகாரத்துக்கு ரிட் நிற்காது, தருமபுரியிலேயே சிவில் வழக்குப் போட வேண்டும் என்கிறார்கள் வேறு சிலர். அனுபவப்பட்டவர்கள் சொல்லுங்கள். வழக்குப் போட்டால் அடுத்த டெண்டரில் பெயரை அடித்துவிடுவார்களா என்பதையும்.

கல்குவாரி

முதலில் கடைசிக் கேள்விக்குப் பதில். பெயரை யாரும் அடிக்கமாட்டார்கள், அவ்வளவு முட்டாள்கள் அங்கே இல்லை. அடுத்த வேலையில் உங்கள் அளவுப் புத்தகம் மட்டும் மேசையிலேயே தூங்கும். பிணைத்தொகையைத் திருப்பித் தரும் கோப்பில் ஒவ்வொரு மாதமும் ஒரு புதிய வினா முளைக்கும். எல்லாம் சட்டப்படிதான் நடக்கும்.

நானும் ரிட் போட்டு, வென்று, பணம் வாங்காமல் உட்கார்ந்திருப்பவன். விவரம் பிறகு எழுதுகிறேன்.

கிருஷ்ணகிரி_வக்கீல்

எந்த நீதிமன்றம் என்பதற்கு முன்னால் தேதியைப் பாருங்கள். காலவரம்புச் சட்டம் 1963, உறுப்பு 18: செய்து முடித்த வேலைக்கான கூலியை, தருவதற்குத் தனியாகத் தேதி குறிக்காத நிலையில், வேலை முடிந்த நாளிலிருந்து 3 ஆண்டுக்குள் கேட்க வேண்டும். உங்கள் கணக்கில் அது 2026 மார்ச்சில் முடிகிறது. இறுதிப் பட்டியல் பிறகுதானே போட்டார்கள் என்று வாதாட இடம் இருக்கலாம். அந்த வாதத்தை நம்பிக் காத்திருக்காதீர்கள்.

அலுவலகத்துக்கு நடையாக நடந்ததும், மனுமேல் மனு கொடுத்ததும், குறைதீர் நாளில் கலெக்டரிடம் நின்றதும் கணக்கில் வராது. கடிதப் போக்குவரத்து நடந்துகொண்டிருந்தது என்பதற்காகக் கெடு நீளாது என்று பாதுகாப்பு அமைச்சகத்துக்கு எதிரான பி அண்ட் டி ஏஜி வழக்கில் 2023-இல் உச்ச நீதிமன்றம் மறுபடியும் சொல்லியிருக்கிறது.

கெடுவைப் புதுப்பிப்பது ஒன்று உண்டு. கெடு முடியும் முன்பே அவர்கள் தரப்பில் அதிகாரம் உள்ளவர் கையெழுத்திட்டு, பாக்கி இருப்பதை எழுத்தில் ஒப்புக்கொண்டிருந்தால், அந்தத் தேதியிலிருந்து புதிதாக 3 ஆண்டு. அது பிரிவு 18. (உறுப்பும் 18, பிரிவும் 18, குழப்பிக்கொள்ள வேண்டாம்.) அப்படி ஏதாவது காகிதம் உங்களிடம் இருக்கிறதா?

தென்பெண்ணை_42

இருக்கிறது ஐயா. 2024 ஆகஸ்டில் செயற்பொறியாளர் அலுவலகத்திலிருந்து வந்த கடிதம். "தங்களது இறுதிப் பட்டியல் தொகை நிதி ஒதுக்கீடு பெறப்பட்டவுடன் வழங்கப்படும்" என்று ஒற்றை வரி, கையெழுத்து, முத்திரை. பாறை வேலையைப் பற்றி அதில் ஒரு சொல்லும் இல்லை.

கிருஷ்ணகிரி_வக்கீல்

அந்த ஒற்றை வரியை லேமினேட் செய்யாமல் பத்திரமாக வையுங்கள். 9.6 லட்சத்துக்குக் கெடு 2027 ஆகஸ்ட் வரை நீண்டுவிட்டது. 4.2 லட்சத்துக்கு நீளவில்லை. உங்கள் கையில் இருப்பது வெவ்வேறு குணமுள்ள இரண்டு கோரிக்கைகள். இரண்டையும் ஒரே மூட்டையாகக் கட்டி உயர் நீதிமன்றத்துக்குக் கொண்டுபோனால், கெட்டியாக இருக்கும் 9.6-ஐயும் அந்த 4.2 இழுத்துக்கொண்டு விழும்.

ஒப்பந்த விவகாரம் என்பதற்காகவே ரிட் தள்ளுபடியாகிவிடாது. 2003 டிசம்பரில் ஏபிஎல் இண்டர்நேஷனல் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கியது. அரசு நியாயமின்றி நடந்தால், ஒப்பந்தத்திலிருந்து எழும் பணக் கோரிக்கையானாலும், அரசியலமைப்பின் பிரிவு 226-இன்படி உயர் நீதிமன்றம் தலையிடலாம். 2019-இல் சூர்யா கன்ஸ்ட்ரக்ஷன்ஸ் வழக்கில், தொகையை அதிகாரிகளே ஒப்புக்கொண்டிருந்த நிலையில் ரிட் நிற்கும் என்றார்கள். ஆனால் பாறை இருந்ததா, எத்தனை கன மீட்டர், யார் உடைக்கச் சொன்னார் என்று சாட்சியைக் கூண்டில் ஏற்றிக் கேட்க வேண்டிய நிலை வந்தால் ரிட் நீதிபதி "சிவில் நீதிமன்றம் போங்கள்" என்று கைகாட்டிவிடுவார். அது அவருடைய விருப்ப அதிகாரம். குறை சொல்ல முடியாது.

ஆகவே 9.6-க்கு ரிட், 4.2-க்கு சிவில் வழக்கு. 4.2-ஐத் தனியாகக் கேட்கும் உரிமையை விட்டுக்கொடுக்கவில்லை என்று ரிட் மனுவிலேயே ஒரு பத்தி இருக்கட்டும். நம் இரு மாவட்டங்களும் சென்னை முதன்மை அமர்வின் கீழ் வருகின்றன. மதுரைக்குப் போக வேண்டாம்.

பழைய_எம்புக்

பிரிவு அலுவலராகவும் பிறகு உதவி செயற்பொறியாளராகவும் காலம் தள்ளி ஓய்வு பெற்றவன். சட்டம் வக்கீல் தம்பிக்குத் தெரியும், எனக்குக் காகிதம் தெரியும்.

அளவுப் புத்தகத்தின் நகல் கையில் இருக்கிறதா? "பதிவாகியிருக்கிறது" என்று சொல்லும் ஒப்பந்ததாரர்களில் பெரும்பாலோர் அந்தப் பக்கத்தைக் கண்ணால் பார்த்ததில்லை. அடையாளமிட்ட இடத்தில் கையெழுத்திடுவார்கள், டீ குடித்துவிட்டுப் போவார்கள். ஆற்றில் போட்டாலும் அளந்து போடச் சொன்ன ஊர் இது. இவர்கள் அளந்ததை எழுதிக்கூட வாங்குவதில்லை.

தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டணத்தோடு விண்ணப்பியுங்கள். அளவுப் புத்தகப் பக்கங்கள், மட்ட அளவுத் தாள்கள், எல்லாப் பகுதிப் பட்டியல்கள், விலகல் அறிக்கை (மதிப்பீட்டிலிருந்து வேலை எங்கே மாறியது என்று காட்டுவது), நிதி கேட்டு மேலே எழுதிய கடிதங்கள் என்று பெயர் சொல்லிச் சான்றிட்ட நகல் கேளுங்கள். "என் வேலை தொடர்பான அனைத்து ஆவணங்களும்" என்று மொத்தமாகக் கேட்டால் தட்டிக்கழிப்பது சுலபம். 30 நாளில் பதில் வராவிட்டால் முதல் மேல்முறையீடு. அந்தச் சட்டத்தில் கோப்பை நேரில் பார்வையிடவும் உரிமை உண்டு. போய் உட்கார்ந்து பாருங்கள். குறிப்புப் பக்கத்தில் யார் என்ன எழுதி வைத்திருக்கிறார் என்பது அப்போது தெரியும்.

நிதி இல்லை என்ற பதிலைப் பற்றி ஒன்று. பல சமயம் அது உண்மைதான். மார்ச் 31-க்குள் பட்டியல் கடக்காவிட்டால் அந்த ஆண்டு ஒதுக்கீடு காலாவதியாகும். அடுத்த ஆண்டுக்கு மறுபடி கேட்டு எழுத வேண்டும். எழுத வேண்டியவர் மாறுதலில் போயிருப்பார். வந்தவர், "முந்தியவர் காலத்து வேலை" என்று தொடமாட்டார். இதில் சதி எதுவும் தேவையில்லை, சோம்பலே போதும். சதவீதம் பேசுகிறவர்கள் இல்லை என்று சொல்ல வரவில்லை. அதை நான் இங்கே எழுதவும் வேண்டியதில்லை.

கல்குவாரி

என் கதை. காவேரிப்பட்டணம் பக்கம் ஒரு சாலை வேலை, 2021 பிப்ரவரியில் முடித்தேன். பாக்கி 7 லட்சத்துச் சில்லறை. ரிட் போட்டோம். முதல் விசாரணையிலேயே உத்தரவு! என்ன உத்தரவு? "மனுதாரரின் கோரிக்கை மனுவைச் சட்டப்படி பரிசீலித்து 8 வாரத்துக்குள் முடிவெடுக்கவும்." வென்றுவிட்டோம் என்று வக்கீலுக்குக் கட்டணமும், வீட்டில் பாயசமும். 8 வாரம் போயிற்று, பதில் இல்லை. நீதிமன்ற அவமதிப்பு மனு போட்டோம். உடனே பரிசீலித்துவிட்டார்கள். "நிதி ஒதுக்கீடு இல்லாததால் கோரிக்கை நிராகரிக்கப்படுகிறது." பரிசீலிக்கச் சொன்னார்கள், பரிசீலித்தாயிற்று, அவமதிப்பு மனு முடித்து வைக்கப்பட்டது. எங்கே போய் முட்டிக்கொள்வது?

கிருஷ்ணகிரி_வக்கீல்

எங்கள் தொழிலில் அதிகம் நடக்கும் கூத்து இது. மனுவின் இறுதியில் என்ன வேண்டுகிறோம் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. "கோரிக்கை மனுவைப் பரிசீலிக்க உத்தரவிட வேண்டும்" என்று கேட்டால் கிடைப்பதும் அதுதான். அரசு வழக்கறிஞருக்கு எதிர்ப்புச் சொல்ல வேண்டிய அவசியம் இல்லை, நீதிமன்றத்துக்கும் ஒரு வழக்கு குறைகிறது, எல்லோருக்கும் சுகம். அந்தப் பரிசீலனை உத்தரவு செத்துப்போன கோரிக்கைக்கு உயிர் கொடுக்காது என்பதையும் உச்ச நீதிமன்றம் 2008-இல் சி. ஜேக்கப் வழக்கில் சொல்லியிருக்கிறது. அது நம் மாநிலத்து வழக்குதான்.

தென்பெண்ணை அண்ணன் கேட்க வேண்டியது: "2024 ஆகஸ்ட் கடிதத்தில் ஒப்புக்கொண்ட இறுதிப் பட்டியல் தொகையை, வட்டியுடன், இத்தனை வாரத்துக்குள் வழங்க ஆணையிட வேண்டும்." கடிதத்தின் நகலும் அளவுப் புத்தகப் பக்கமும் முதல் இரண்டு ஆவணங்கள். அரசுத் தரப்பு "பரிசீலிக்கிறோம்" என்று எழுந்தால், "எதைப் பரிசீலிப்பது, தொகையை ஒப்புக்கொண்டாயிற்றே" என்று உங்கள் வழக்கறிஞர் எழுந்து சொல்ல வேண்டும். சொல்லக்கூடியவரை அமர்த்துங்கள்.

அவமதிப்பு மனுவுக்கு ஓராண்டுதான் காலம். உத்தரவு வாங்கிப் பெட்டியில் வைத்துவிடக் கூடாது.

ஓசூர்_மின்பணி

குறு, சிறு தொழில் சட்டம் 2006 பற்றி யாரும் சொல்லவில்லையே. நான் ஓர் உள்ளாட்சிக்குத் தெருவிளக்குகள் சப்ளை செய்து, பணம் வராமல், பாக்கித் தகராறுகளுக்காக அந்தச் சட்டத்தில் உள்ள வசதியாக்க மன்றத்தில் மனு போட்டேன். சென்னை, கோவை, திருச்சி, மதுரை ஆகிய ஊர்களில் இந்த மன்றங்கள் இருக்கின்றன. 45 நாளைத் தாண்டினால் ரிசர்வ் வங்கியின் வங்கி விகிதத்தைப்போல் 3 மடங்கு வட்டி, அதுவும் மாதாமாதம் கூட்டு வட்டி. தீர்ப்பை எதிர்த்து அவர்கள் போக வேண்டுமானால் 75 சதவீதத்தை முதலில் கட்ட வேண்டும். இந்த 75-ஐக் கேட்டதும் எதிர்த்தரப்பின் குரல் மாறியதை நானே கண்டேன்.

இன்னொரு விஷயம், ஜிஎஸ்டி. ஒப்பந்தம் 2022 பிப்ரவரி என்கிறீர்கள். அப்போது அரசின் நீர்ப்பாசனக் கட்டுமானத்துக்கு 12 சதவீதம். 2022 ஜூலை 18 முதல் 18 சதவீதம். இறுதிப் பட்டியலை எந்த விகிதத்தில் போட்டிருக்கிறார்கள்? 12 என்று போட்டிருந்தால் அந்த 6 சதவீதம் உங்கள் தலையில். விலைப்பட்டியலையும் கொடுத்துவிட்டீர்கள் என்றால் மறுமாதம் 20-ஆம் தேதிக்குள் வரியையும் கட்டியிருப்பீர்கள். வராத பணத்துக்கு வரி! பட்டியல் கடக்கும்போது வருமான வரி 1, ஜிஎஸ்டி பிடித்தம் 2, தொழிலாளர் நல நிதி 1 என்று அவர்கள் பங்குக்கும் பிடிப்பார்கள்.

கிருஷ்ணகிரி_வக்கீல்

ஓசூர் நண்பர் செய்தது பொருள் சப்ளை, தடுப்பணை கட்டுவது பணி ஒப்பந்தம். பணி ஒப்பந்தம் அந்தச் சட்டத்துக்குள் வருமா என்பதில் உயர் நீதிமன்றங்கள் ஒன்றுக்கொன்று மாறாகத் தீர்ப்பளித்திருக்கின்றன. அதோடு, வேலை முடிந்த பிறகு சிறு தொழிலாகப் பதிவு எடுத்தால் பழைய பாக்கிக்குப் பயன்படாது என்று சில்பி இண்டஸ்ட்ரீஸ் வழக்கில் 2021-இல் சொன்னார்கள். பதிவு எப்போது இருக்க வேண்டும் என்ற கேள்வியை 2025 ஜனவரியில் வேறோர் அமர்வு பெரிய அமர்வுக்கு அனுப்பியது. கெடு நெருங்கும் 4.2 லட்சத்தை இந்தச் சந்தேகத்தின்மேல் ஏற்றிவைக்க நான் துணியமாட்டேன்.

ஜிஎஸ்டி வித்தியாசம் நல்ல கேள்வி. ஒப்பந்தத்தில் வரி மாற்றம் யார் பொறுப்பு என்ற வாசகத்தைப் பாருங்கள்.

பாலக்கோடு_இரும்புக்கடை

எல்லோரும் ஒப்பந்ததாரருக்காகப் பேசுகிறீர்கள். அவருக்குக் கம்பியும் சிமெண்டும் கடன் கொடுத்த நாங்கள் யாரிடம் போவது? அரசு தரவில்லை என்பார் அவர். அரசோடு எனக்கு ஒப்பந்தம் இல்லை. என் வாடிக்கையாளர் ஒருவர் மேல் காசோலை வழக்குப் போட்டேன். மனிதர் கெட்டவர் அல்லர், கையில் இல்லை, அவ்வளவுதான்.

கிருஷ்ணகிரி_வக்கீல்

உங்களுக்கும் ஒரு வழி இருக்கிறது. அவர்மேல் தீர்ப்பாணை வாங்கினால், துறை அவருக்குத் தர வேண்டிய பட்டியல் தொகையையே பற்றுகை (ஜப்தி) செய்யக் கேட்கலாம். உரிமையியல் நடைமுறைச் சட்டம், கட்டளை 21, விதி 46ஏ. ஆனால் அவருடைய பாக்கி உயிரோடு இருந்தால்தான் உங்களுக்கும் பிடிப்பதற்கு ஏதாவது இருக்கும். ஆகவே அவர் வழக்குப் போடுவது உங்களுக்கும் நல்லது.

தென்பெண்ணை_42

சிவில் வழக்குக்கு எவ்வளவு செலவாகும், எவ்வளவு காலம் ஆகும்? இருபது வருடம் இழுக்கும் என்று என் மைத்துனர் பயமுறுத்துகிறார்.

கிருஷ்ணகிரி_வக்கீல்

காலத்துக்கு யாரும் உத்தரவாதம் தர முடியாது. பழைய மாதிரி இருக்காது என்பதற்குச் சில காரணங்கள் சொல்கிறேன்.

கட்டுமான ஒப்பந்தத் தகராறு, மதிப்பு 3 லட்சத்துக்குக் குறையாமல் இருந்தால், வணிக நீதிமன்றச் சட்டம் 2015-இன் கீழ் வரும். முதலில் 1 கோடி என்று இருந்த வரம்பு 2018-இல் 3 லட்சமாக இறங்கியது. எதிர்த்தரப்பு அரசு என்பதால் வணிகத் தகராறு இல்லை என்று ஆகிவிடாது. சட்டத்திலேயே விளக்கமாக எழுதியிருக்கிறார்கள். இந்த வழக்கில் சம்மன் கிடைத்து 120 நாளுக்குள் எதிருரை (எழுத்தில் தரும் பதில்) தாக்கல் செய்யாவிட்டால் உரிமை போயிற்று. நீதிபதியே நினைத்தாலும் நீட்டிக்க முடியாது என்பது 2019 எஸ்சிஜி காண்ட்ராக்ட்ஸ் தீர்ப்பு. "துறையிலிருந்து குறிப்பு வரவில்லை, வாய்தா வேண்டும்" என்று வருடக்கணக்கில் நின்ற அரசு வழக்கறிஞர்களைப் பார்த்தவர்களுக்கு இதன் அருமை தெரியும்.

ஆனால் வாசலில் இரண்டு கதவுகள். ஒன்று, உரிமையியல் நடைமுறைச் சட்டம் பிரிவு 80-இன்படி அரசுக்கு 2 மாத நோட்டீஸ். மற்றொன்று, வணிக நீதிமன்றச் சட்டம் பிரிவு 12ஏ-இன்படி வழக்குக்கு முந்தைய சமரசம். அவசர நிவாரணம் கேட்காத வழக்கில் இது கட்டாயம் என்று பாட்டீல் ஆட்டோமேஷன் வழக்கில் 2022-இல் தீர்ப்பாயிற்று. தாண்டிப் போனால் மனுவே நிராகரிக்கப்படும். மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் விண்ணப்பம் கொடுங்கள். எதிர்த்தரப்பு வரவில்லை என்றால் சமரசம் தொடங்கவே இல்லை என்று சான்று தருவார்கள், அதோடு வழக்குப் போடலாம். இந்த இரண்டுக்கும் போகும் காலம் 3 ஆண்டுக் கணக்கிலிருந்து கழியும். இருந்தாலும் விளிம்பில் நிற்க வேண்டாம், இந்த வாரமே இரண்டையும் தொடங்குங்கள். நோட்டீஸில் வட்டியையும் கேட்டு எழுதுங்கள். வட்டிச் சட்டம் 1978-இன்படி, எழுத்தில் வட்டி கேட்ட தேதியிலிருந்தாவது அது ஓடும்.

கட்டணம்: தமிழ்நாட்டில் 2017-இல் நீதிமன்றக் கட்டணம் 7.5 சதவீதத்திலிருந்து 3 சதவீதமாகக் குறைந்தது. 4.2 லட்சத்துக்கு 12,600 ரூபாய். வழக்கு நடுவில் சமரசமானால் அதையும் திருப்பிக் கேட்கலாம். நீதிமன்றத்துக்கு வெளியே நீங்களாகவே பேசித் தீர்த்துக்கொண்டாலும் திருப்பித் தர வேண்டும் என்று 2021-இல் நம் உயர் நீதிமன்றம் சம்பந்தப்பட்ட வழக்கிலேயே உச்ச நீதிமன்றம் சொன்னது.

ஒரு பொறி இருக்கிறது. பாறை, ஜிஎஸ்டி வித்தியாசம், பிணைத்தொகை என்று இதே ஒப்பந்தத்தில் சிவில் நீதிமன்றத்தில் கேட்க வேண்டியது எதுவானாலும் ஒரே வழக்கில் கேட்டுவிடுங்கள். விட்டதைப் பின்னால் தனி வழக்காகக் கேட்க கட்டளை 2 விதி 2 விடாது. ஒப்பந்தத்தில் நடுவர் மன்ற வாசகம் இருக்கிறதா என்பதையும் பாருங்கள்; இருந்தால் பாதையே வேறு.

மொரப்பூர்_மகள்

இடையில் நுழைவதற்கு மன்னிக்கவும். என் அப்பா சிறு ஒப்பந்ததாரர். ஒரு ஊராட்சியில் பேவர் பிளாக் பதித்தும் குடிநீர்க் குழாய் போட்டும் கொடுத்தார். 2025 ஜனவரி 5-ஆம் தேதியோடு எங்கள் மாவட்டத்தில் ஊராட்சித் தலைவர்களின் பதவிக்காலம் முடிந்தது. இப்போது தனி அலுவலர் நிர்வாகம். பழைய தலைவர், "என் கையில் கையெழுத்து அதிகாரம் இல்லை" என்கிறார். அலுவலகத்தில், "தலைவர் வாய்மொழியாகக் கொடுத்த வேலை, பணி உத்தரவு எங்கே" என்கிறார்கள். பணி உத்தரவு பாதி வேலைகளுக்கு மட்டும் இருக்கிறது. இந்த நிலையில் அப்பா காலமாகிவிட்டார். நாங்கள் கேட்க முடியுமா? வாரிசுச் சான்றிதழ் எடுத்துவிட்டோம்.

கிருஷ்ணகிரி_வக்கீல்

முடியும் அம்மா. ஒப்பந்ததாரர் இறந்ததால் பாக்கி இறந்துவிடாது. ஆனால் தாசில்தார் தரும் வாரிசுச் சான்றிதழ் நீதிமன்றத்துக்குப் போதாது. இறந்தவருக்கு வர வேண்டிய கடனுக்குத் தீர்ப்பாணை தர, இந்திய வாரிசுரிமைச் சட்டம் பிரிவு 214-இன்படி வாரிசுரிமைச் சான்று வேண்டும். அதை நீதிமன்றம்தான் தரும். அதற்கு இப்போதே மனு போடுங்கள். அப்பா இறந்ததால் 3 ஆண்டு ஓட்டம் நிற்கவில்லை என்பதையும் மனத்தில் வையுங்கள். தலைவர் மாறினாலும் ஊராட்சி என்ற சட்ட அமைப்பு அப்படியே இருக்கிறது, வழக்கு அதன் மேல்தான். உள்ளாட்சி என்பதால் ஊராட்சிகள் சட்டத்தில் உள்ள நோட்டீஸ் விதிகளை உங்கள் வழக்கறிஞர் பார்க்கட்டும்.

பழைய_எம்புக்

மகளே, பணி உத்தரவு இல்லாத பாதியைக் கைவிட்டுவிடாதே. தீர்மானப் புத்தகத்தின் நகலைத் தகவல் உரிமையில் கேள். வேலையைத் தலைவர் வாயால் கொடுத்திருந்தாலும், செலவுக்கு ஒப்புதல் கேட்டு ஏதாவது ஒரு கூட்டத்தில் தீர்மானம் வைத்திருப்பார். அது இருந்தால் பணி உத்தரவுக்கு அடுத்தபடியான காகிதம்.

தென்பெண்ணை தம்பிக்கு ஒரு கேள்வி. பாறை உடைத்தீர்களே, வந்த கல் எங்கே போயிற்று?

தென்பெண்ணை_42

அணையின் பக்கச் சரிவுக்குக் கல் பதிக்க அதையே பயன்படுத்தினோம் ஐயா. வெளியிலிருந்து கொண்டுவர வேண்டாம் என்று பொறியாளரே சொன்னார்.

பழைய_எம்புக்

அப்படியானால் பகுதிப் பட்டியல்களை எடுத்துப் பிடித்தங்களை ஒவ்வொன்றாகப் பாருங்கள். தோண்டியதில் கிடைத்த கல் துறையின் சொத்து. நீங்கள் அதை வேலையில் பயன்படுத்தினால் அதன் விலையை உங்கள் பட்டியலில் கழிப்பார்கள். என் பிரிவில் ஒருமுறை கழிக்காமல் விட்டதற்குத் தணிக்கையில் நான் பட்டபாடு எனக்குத்தான் தெரியும். கழித்திருந்தால், மண் என்று மதிப்பீடு போட்ட இடத்தில் கல் எங்கிருந்து வந்தது என்று அவர்கள்தான் சொல்ல வேண்டும்.

வெடி வைத்தவர் உரிமம் பெற்றவர்தானே? அவருடைய பட்டியல், கம்ப்ரசர் வாடகை ரசீது, தேதியோடு உள்ள கைபேசிப் படங்கள் எல்லாம் சேருங்கள்.

கிருஷ்ணகிரி_வக்கீல்

ஐயா சொன்னது என் பத்து பக்க வாதத்தை மிச்சப்படுத்தும்.

துணை ஒப்பந்தம் இல்லாத வேலைக்கு நமக்கு இருக்கும் பிடி, இந்திய ஒப்பந்தச் சட்டம் பிரிவு 70. இனாமாகச் செய்யும் எண்ணமில்லாமல், சட்டப்படி, ஒருவர் இன்னொருவருக்கு ஒரு வேலையைச் செய்து, மற்றவர் அதன் பயனை அனுபவித்தால் ஈடு தர வேண்டும். அரசு ஒப்பந்தம் ஆளுநர் பெயரில் முறைப்படி எழுதப்பட வேண்டும் என்கிறது அரசியலமைப்பின் பிரிவு 299. அந்த முறை தவறினாலும், கட்டிய கட்டடத்தைப் பயன்படுத்திக்கொண்ட அரசு பணம் தர வேண்டும் என்று 1961-இலேயே மேற்கு வங்க அரசுக்கும் பி.கே. மண்டல் நிறுவனத்துக்கும் நடந்த வழக்கில் தீர்ப்பாயிற்று. ஒப்பந்த விகிதம் கிடைக்கும் என்று சொல்லமாட்டேன், நியாயமான ஈடு கிடைக்கும். அதற்கு அளவு நிரூபணமாக வேண்டும். கல் பிடித்தம் இருந்தால் அது அந்த அளவையே தரும்.

கல்குவாரி

தீர்ப்பு வாங்கிய பிறகு? அரசிடம் வசூலிப்பது பற்றி யாரும் பேசவில்லையே.

கிருஷ்ணகிரி_வக்கீல்

தீர்ப்பாணை தேதியிலிருந்து 3 மாதம் நிறைவேறாமல் இருந்தால்தான் அரசின் மேல் நிறைவேற்று மனு போட முடியும், உரிமையியல் நடைமுறைச் சட்டம் பிரிவு 82. பிறகு பற்றுகை. கலெக்டர் அலுவலக ஜீப் ஜப்தி, நாற்காலி ஜப்தி என்று நாளிதழில் படம் வருகிறதே, பெரும்பாலும் நில எடுப்பு இழப்பீட்டு வழக்குகளில். ஆனால் சட்டம் எல்லோருக்கும் ஒன்றுதான். அமீனா வாசலுக்கு வந்தால், ஆண்டுக்கணக்கில் இல்லாத நிதி எங்கிருந்தோ வருவதைப் பார்த்திருக்கிறேன். நிறைவேற்று மனுவை 6 மாதத்தில் முடிக்க வேண்டும் என்று 2021-இல் ராகுல் ஷா வழக்கில் சொல்லியிருக்கிறார்கள். நடைமுறையில் அப்படி நடப்பது குறைவு.

கறுப்புப் பட்டியல் பயம் பற்றி: விளக்கம் கேட்காமல் அதில் சேர்க்க முடியாது என்பது 1974 எருசியன் எக்விப்மெண்ட் வழக்குக் காலத்திலிருந்தே சட்டம். கல்குவாரி சொன்ன சில்லறைத் தொல்லைகளுக்குச் சட்டத்தில் மருந்து குறைவு, அதை ஒத்துக்கொள்கிறேன்.

தென்பெண்ணை_42

சில நாள் கழித்து எழுதுகிறேன். நோட்டீஸ் போய்விட்டது. வீட்டிலிருந்த பகுதிப் பட்டியல் நகல்களைப் புரட்டினேன். மூன்றாம் பட்டியலில் "பணியிடத்தில் கிடைத்த உடைகல்" என்று தனி வரியாகப் பிடித்தம் போட்டிருக்கிறார்கள், கன மீட்டர் கணக்கோடு! கையெழுத்து, வாயால் சொன்ன அதே பொறியாளருடையது.

நோட்டீஸ் போய்ச் சேர்ந்ததும் அலுவலகத்திலிருந்து தொலைபேசி. "வேறு கோரிக்கை எதுவும் இல்லை" என்று எழுதிக் கையெழுத்திட்டால் 9.6 லட்சத்தை இந்த மாதமே போட்டுவிடலாமாம். நிதி வந்துவிட்டதாம்.

கல்குவாரி

வாங்கிக்கொள்ளுங்கள். பாறையை மறந்துவிடுங்கள். வட்டி கட்டுபவன் சொல்கிறேன்.

பழைய_எம்புக்

எழுதிக் கொடுக்காதீர்கள்.

கிருஷ்ணகிரி_வக்கீல்

நெருக்கடியில் வாங்கிய "கோரிக்கை இல்லை" கடிதம் பின்னால் உரிமையை அடைத்துவிடாது என்று 2008-இல் போகாரா பாலிஃபேப் வழக்கில் சொல்லியிருக்கிறார்கள். ஆனால் நெருக்கடி இருந்தது என்று நீங்கள் நிரூபிக்க வேண்டும். அதற்குப் பதிலாக, "இறுதிப் பட்டியலில் ஒப்புக்கொண்ட தொகையை மட்டும் பெற்றுக்கொள்கிறேன், பாறை வேலை, வட்டி குறித்த என் கோரிக்கைகள் நிலுவையில் உள்ளன" என்று நீங்களே ஒரு கடிதம் எழுதி, பதிவுத் தபாலில் அனுப்பிவிட்டு, தொலைபேசியில் பேசியவரிடம் சொல்லுங்கள். நிதி வந்திருப்பது உண்மையானால் மார்ச் 31-க்குள் செலவழிக்க வேண்டிய கட்டாயம் அவர்களுக்கும் உண்டு.

கல்குவாரி அண்ணனுக்கு ஒன்று. உங்கள் கோரிக்கையை நிராகரித்த ஆணையின் தேதி என்ன? அதில் அளவையோ வேலையின் தரத்தையோ குறை சொல்லியிருக்கிறார்களா?

கல்குவாரி

2023 டிசம்பர் 4. ஒரு குறையும் சொல்லவில்லை. "மனுதாரருக்கு வழங்க வேண்டிய தொகை" என்று 7 லட்சத்துச் சொச்சத்தை எழுதி, நிதி இல்லை, ஆகவே நிராகரிக்கப்படுகிறது என்று முடித்திருக்கிறார்கள்.

கிருஷ்ணகிரி_வக்கீல்

பாக்கியை ஒப்புக்கொண்டு, கூடவே தர மறுத்தாலும் அது ஒப்புதல்தான். பிரிவு 18-இன் விளக்கத்திலேயே அப்படி இருக்கிறது. வேலை முடிந்தது 2021 பிப்ரவரி, ஆணை 2023 டிசம்பர், கெடுவுக்கு உள்ளேதான் கையெழுத்திட்டிருக்கிறார்கள். உங்களுக்கு 2026 டிசம்பர் தொடக்கம் வரை நேரம் இருக்கிறது. மூல ஆணையை உங்கள் வழக்கறிஞரிடம் காட்டுங்கள்.

கல்குவாரி

அந்த வழக்கறிஞரிடமா? வேறொருவரைப் பார்க்கிறேன்.